திரைக்கு இந்தப் பக்கம்

கல்யாணப் பெண்ணின் முகத்தில் வெள்ளை நெட் விழுந்திருக்கும்போது கேமராவுக்குக் குழப்பம் வந்துவிடும். ஆட்டோ ஃபோகஸ் முகத்தைத் தேடும். முகத்துக்கு முன்னால் நூல் நிற்கும். நூலைப் பிடிக்கும், விடும், மறுபடி தேடும். லென்ஸுக்குள் மோட்டார் முன்னும் பின்னுமாக ஓடுகிற சத்தம் காதுக்கே கேட்கும். நெட்டின் கண்ணிகள் பளிச்சென்று விழுந்தால் பின்னால் முகம் கரைந்துபோயிருக்கும். கையால் திருகி முகத்தைப் பிடித்தால் நெட் காணாமல் போய், கன்னத்தின் மேல் ஒரு வெண்மை மட்டும் படிந்திருக்கும். இரண்டும் ஒரே படத்தில் வேண்டுமென்றால் லென்ஸின் திறப்பை, அதாவது அபெர்ச்சரை, சுருக்க வேண்டும். அதற்கு வெளிச்சம் வேண்டும். இலங்கை மலையகத்தில், ஹட்டன் பக்கத்துக் கோயில்களில் மழை மாதங்களில் பகல் பத்து மணிக்கே லைட் போட்டுத்தான் பூசை நடக்கும். அங்கே எங்கே சுருக்குவது?

ஹட்டன், டிக்கோயா, நோர்வூட், பொகவந்தலாவை என்று இந்தப் பக்கத்துக் கல்யாணங்கள்தான் என் பிழைப்பு. நெட் விழுந்த முகத்தை எடுக்கும்போதெல்லாம் பெண்ணின் அம்மாவோ பெரியம்மாவோ பக்கத்தில் வந்து நிற்பார்கள். "மொகமே தெரியலையே தம்பி, அத கொஞ்சம் தூக்கிவிட்டு எடுங்களேன்." சரி என்று தூக்கிவிட்டும் எடுப்பேன். ஆனால் ஆல்பத்துக்குப் படம் தேர்ந்தெடுக்க உட்காரும்போது பெண் முதலில் விரல் வைப்பது நெட் விழுந்த படத்தில்தான். கண் தெரியாது, மூக்கு பாதி தெரியும், உதட்டில் சிரிப்பா பயமா என்று சொல்ல முடியாது. "இதப் பெருசா போடுங்க" என்பாள். பெரியவர்களுக்கு அந்த ரசனை பிடிபடவே பிடிபடாது. காசு கொடுத்துப் படம் எடுத்துவிட்டு முகத்தை மறைப்பானேன் என்பது அவர்கள் கணக்கு.

இந்தத் தொழிலால் வந்த கிறுக்கு ஒன்று உண்டு. சிலையில், ஓவியத்தில், கதையில் எங்கே முகத்திரை வந்தாலும் அங்கேயே நின்றுவிடுவேன். திரைக்குப் பின்னால் இருப்பது யார் என்பதில் எனக்குப் பெரிய ஆர்வமில்லை. திரைக்கு இந்தப் பக்கம் கை பரபரக்க நிற்கிறாரே, அந்த ஆளைப் பார்ப்பதில்தான் ருசி. திரையை நன்றாகக் கையாண்டவர்கள் எல்லாரும் அந்த ஆளைத்தான் பிடித்துக் கொடுத்திருக்கிறார்கள் என்பது என் எண்ணம்.

இதில் பழைய கதை கிரேக்கர்களுடையது. ரோமானியரான பிளினி எழுதி வைத்தது. ஸூக்ஸிஸ், பர்ஹாசியஸ் என்று இரண்டு ஓவியர்களுக்குள் போட்டி. ஸூக்ஸிஸ் வரைந்த திராட்சைக் குலையைக் கொத்தக் குருவிகள் வந்தன. மனிதருக்குத் தலைகால் புரியவில்லை. "எங்கே, உன் படத்தின் மேல் இருக்கிற திரையை விலக்கு பார்ப்போம்" என்றார். விலக்க ஒன்றுமில்லை; அந்தத் திரைதான் படம். குருவியை ஏமாற்றிய என்னையே இவன் ஏமாற்றிவிட்டான் என்று ஸூக்ஸிஸ் தோல்வியை ஒப்புக்கொண்டாராம். பர்ஹாசியஸ் வரைந்தது துணியை என்று எல்லாரும் சொல்வார்கள். அவர் உண்மையில் வரைந்தது ஸூக்ஸிஸின் அவசரத்தை.

துணியைக் கல்லில் செய்தவர்கள் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். இத்தாலியில் நேப்பிள்ஸ் நகரத்தில் சான்செவேரோ சிற்றாலயம் என்று ஒன்று. அங்கே படுத்த நிலையில், இறந்த கிறிஸ்து. உடல் முழுக்க ஒரு மெல்லிய துணி மூடியிருக்கிறது. ஜுசெப்பே சான்மார்ட்டினோ என்ற சிற்பி 1753 இல் செதுக்கியது. படங்களில்தான் பார்த்திருக்கிறேன், ஆனால் மணிக்கணக்காகப் பெரிதாக்கிப் பார்த்திருக்கிறேன். நெற்றியில் புடைத்த நரம்பு தெரியும். மூக்குத் துவாரத்தில் துணி லேசாக உள்வாங்கியிருக்கும். கையிலும் காலிலும் ஆணிக் காயங்கள் துணிக்கு அடியில் குழிந்திருக்கும். துணி விலா எலும்பில் ஏறி, வயிற்றில் இறங்கி, முழங்காலில் இழுபட்டு, ஓரத்தில் மடிப்பு மடிப்பாகச் சுருண்டு கிடக்கும். எல்லாம் ஒரே பளிங்குக்கல்.

அதைச் செய்யச் சொன்ன இளவரசர் ரைமோந்தோ தி சாங்ரோவுக்கு ரசவாதி என்று ஊரில் பெயர். அதனால் உண்மையான துணியைச் சிலைமேல் போர்த்தி, ஏதோ மருந்து ஊற்றி அதைக் கல்லாக்கிவிட்டார் என்று ஒரு கதை கிளம்பி, இன்றைக்கும் சுற்றுலா வருகிறவர்களுக்குச் சொல்லப்படுகிறது. பணம் கொடுத்த பழைய பதிவிலேயே திரையும் பளிங்குதான் என்று இருக்கிறது. ஆனாலும் கதை சாகவில்லை. ஏன் சாகவில்லை என்று யோசித்தால், துணி என்று நம்பினால்தான் அதை எடுத்துவிடலாம் என்ற ஆசைக்கு இடமிருக்கும். கல் என்று ஒப்புக்கொண்டால் எடுக்க முடியாது. எடுத்தால் அடியில் முகம் இல்லை; கல்லின் உள்பக்கம்தான் இருக்கும். அந்த முகம் திரையால் ஆனது. திரை இல்லாமல் அது எங்கேயும் இருந்ததே இல்லை.

இதே சிற்றாலயத்தில் அந்தோனியோ கொராதினி 1752 இல் செய்த பெண் சிலையும் இருக்கிறது, முக்காட்டோடு. இளவரசரின் தாயார் நினைவாக வைத்தது. கெட்டிக்கார வேலைதான். ஆனால் அது உடம்பைக் காட்டுவதற்காகத் துணி போர்த்திய சிலை. சினிமாவில் மழைப் பாட்டு வைக்கிற மனசு. சான்மார்ட்டினோ பக்கத்தில் அது நிற்காது.

எங்கள் பக்கத்துக் கத்தோலிக்கக் கோயில்களில் சுவரோரமாக மாட்டியிருக்கிற சிலுவைப் பாதைப் படங்களில் ஆறாவது, வெரோணிக்கா இயேசுவின் முகத்தைத் துடைப்பது. துணி முகத்தை மறைப்பதற்குப் பதிலாக வாங்கிக்கொள்கிறது. அந்தத் துணியை குளோத் மெல்லான் என்ற பிரெஞ்சுக்காரர் 1649 இல் செப்புத் தகட்டில் செதுக்கினார். மூக்கு நுனியில் தொடங்குகிற ஒற்றைக் கோடு சுற்றிச் சுற்றிப் போகிறது. தடிக்கிற இடத்தில் நிழல், மெலிகிற இடத்தில் வெளிச்சம். கண், தாடி, முள்முடி எல்லாம் அந்த ஒரே கோடு. போனில் பெரிதாக்கிப் பாருங்கள், முகம் போய்விடும், கோடு மட்டும் நிற்கும்.

கதைகளுக்கு வருவோம். இந்த விஷயத்தில் என்னைப் பிடித்து உலுக்கியது நத்தானியல் ஹாதோர்ன் என்ற அமெரிக்கர் 1836 இல் வெளியிட்ட சிறுகதை. ஹூப்பர் என்று ஒரு இளம் போதகர். சாதுவான மனிதர். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் முகத்தில் கறுப்புத் துணி கட்டிக்கொண்டு கோயிலுக்கு வருகிறார். வாயும் முகவாயும் மட்டும் தெரிகிறது. மூச்சு விடும்போது துணி லேசாக ஆடுகிறது. அவ்வளவுதான் சம்பவம். அவர் பேச்சு மாறவில்லை, நடை மாறவில்லை. ஆனால் ஊர் மாறிவிடுகிறது. அன்று மத்தியானம் ஒரு சாவு வீடு. அங்கே அந்தத் துணி பொருத்தமாக இருக்கிறது. இரவு ஒரு கல்யாணம். அங்கேயும் அதே துணியோடு வந்து நிற்கிறார். மணப்பெண்ணின் விரல் நடுங்குகிறது. வாழ்த்துச் சொல்லி வைன் கிண்ணத்தை உயர்த்தும்போது கண்ணாடியில் தன் முகத்தைத் தானே பார்த்துவிடுகிறார். வைனைக் கீழே சிந்திவிட்டு இருட்டுக்குள் ஓடுகிறார்.

கல்யாணம் எடுக்கிறவனாக அந்தப் பக்கத்தைப் படிக்கும்போது எனக்கு வயிற்றைக் கலக்கியது.

அவரைக் கட்டிக்கொள்ள இருந்த எலிசபெத் ஒருத்திதான் நேராகக் கேட்கிறாள்: ஒரே ஒரு தடவை தூக்கி என் முகத்தைப் பார். முடியாது என்கிறார். அவள் போய்விடுகிறாள். வருஷங்கள் ஓடி, கிழவராகிச் சாகக் கிடக்கும்போது பக்கத்தில் இருந்து பார்ப்பதும் அவள்தான். அப்போதும் வேறொரு போதகர் அந்தத் துணியை எடுக்கப் பார்க்கிறார். போர்வைக்குள்ளிருந்து இரண்டு கையையும் வெளியே இழுத்து அதை அழுத்திப் பிடித்துக்கொள்கிறார் ஹூப்பர். உங்கள் ஒவ்வொருவர் முகத்திலும் எனக்குக் கறுப்புத் திரைதான் தெரிகிறது என்று சொல்லிவிட்டுச் சாகிறார். துணியோடேயே புதைக்கிறார்கள். என்ன பாவம் செய்தார், செய்தாரா இல்லையா, ஒன்றும் சொல்லவில்லை. முகத்தைத் துணியால் மூடி வாழ்ந்த ஒரு நிஜப் போதகரைப் பற்றிக் கதைக்கு ஹாதோர்ன் அடிக்குறிப்பு போட்டிருக்கிறார். அந்தப் போதகர் இளவயதில் தற்செயலாக நண்பர் ஒருவரின் சாவுக்குக் காரணமானவர். குறிப்பில் காரணத்தைச் சொல்லிவிட்டு, என் கதையில் அது வேறு என்று கதவைச் சாத்திவிடுகிறார். கெட்டிக்காரர்.

ஹூப்பரின் அந்த ஊரை நான் 2019 இல் இங்கேயே நேரில் பார்த்தேன். ஏப்ரல் 21 ஈஸ்டர் குண்டுவெடிப்புக்குப் பிறகு, அந்த மாதம் முடிவதற்குள்ளேயே அவசரகாலச் சட்டத்தின் கீழ் முகத்தை மூடும் உடைகளுக்குத் தடை வந்தது. எங்களுக்கு முஸ்லிம் கல்யாணங்களும் உண்டு. பெண்கள் பக்கத்துக்கு என் மனைவிதான் கேமராவோடு போவாள். அங்கே எடுத்த படங்களை நான் பார்ப்பதில்லை, அவளே தேர்ந்தெடுத்து அவளே பிரிண்டுக்குக் கொடுப்பாள். அது வீட்டுக்காரர்களுக்குக் கொடுத்த வாக்கு. அந்த நாட்களில் அவளுடைய வாடிக்கையாளர் ஒருவர் வீட்டை விட்டு வெளியே வருவதையே நிறுத்திவிட்டார். நிகாபை எடுத்துவிட்டு வரலாமே என்று ஆளாளுக்கு யோசனை சொன்னார்கள். பல வருஷமாக அவர் அரிசி வாங்கிய கடையில், மருந்து எடுத்த டிஸ்பென்சரியில், அவர் குரலும் நடையும் எல்லாருக்கும் பழக்கம். ஒரே வாரத்தில் அது எல்லாருக்கும் மறந்துபோயிற்று. துணி மட்டும் தெரிந்தது.

ஜெர்மன் கவிஞர் ஷில்லரின் கவிதை ஒன்றையும் எல்லாரும் இந்த இடத்தில் இழுப்பார்கள். 1795 இல் எழுதியது. எகிப்தில் சாயிஸ் என்ற ஊரில் திரை போட்ட சிலை. உண்மை அதற்குப் பின்னால் இருக்கிறது என்கிறார்கள். ஒரு இளைஞன் இரவில் திருட்டுத்தனமாகப் போய்த் திரையைத் தூக்குகிறான். காலையில் வெளிறிக் கிடக்கிறான். கண்டதைச் சொல்லாமலேயே சீக்கிரம் செத்துப்போகிறான். எனக்கு ஒட்டவில்லை. தூக்கினவனுக்குத் தண்டனை என்று முடித்தால் பள்ளிக்கூடத்து நீதிக்கதை ஆகிவிடுகிறது.

அதற்கு 1847 இல் வந்த 'ஜேன் ஐர்' நாவலில் வருகிற முகத்திரை எவ்வளவோ மேல். கல்யாணத்துக்கு முன்னால் ஒரு இரவு. மாப்பிள்ளை லண்டனிலிருந்து வரவழைத்த விலை உயர்ந்த திரை அலமாரியில் தொங்குகிறது. ஜேன் விழித்துப் பார்க்கும்போது அறையில் யாரோ ஒரு பெண். அவள் அந்தத் திரையை எடுத்துத் தன் தலையில் போட்டுக் கண்ணாடி பார்க்கிறாள். அந்தக் கண்ணாடியில்தான் ஜேன் அவள் முகத்தைக் காண்கிறாள். அப்புறம் அவள் அதைக் கழற்றி, இரண்டாகக் கிழித்துக் கீழே போட்டு மிதிக்கிறாள். வீட்டு மாடியில் பூட்டி வைக்கப்பட்ட முதல் மனைவி அவள் என்பது பிறகுதான் தெரியவரும். கிழிப்பதை எல்லாரும் ஞாபகம் வைத்திருக்கிறார்கள். கிழிப்பதற்கு முன்னால் போட்டுப் பார்த்தாளே, அந்த ஒரு நிமிஷத்தை எழுதத்தான் துணிச்சல் வேண்டும்.

நம் பக்கத்தில் இதற்கெல்லாம் பாட்டன் காளிதாசன். சாகுந்தலம் ஐந்தாம் அங்கம். துஷ்யந்தன் அரண்மனைக்குச் சகுந்தலை முக்காடு போட்டுக்கொண்டு வருகிறாள். கூடவே ஆசிரமத்து ஆட்கள். பழுத்த இலைகளுக்கு நடுவில் ஒரு தளிர் மாதிரி இருக்கிறாளே, யார் இவள் என்று ராஜா கேட்கிறான். கேட்டுவிட்டு, அடுத்தவன் மனைவியை உற்றுப் பார்க்கக்கூடாது என்று தன்னையே அடக்கிக்கொள்கிறான். அவன் மறந்துபோனான் என்று தெரிந்ததும், மூத்தவளான கௌதமி சொல்கிறாள்: கொஞ்சம் வெட்கத்தை விடு மகளே, உன் முக்காட்டை விலக்குகிறேன், உன் புருஷன் உன்னை அடையாளம் காணட்டும். விலக்குகிறாள். அவன் பார்க்கிறான். நன்றாகவே பார்க்கிறான். தெரியவில்லை.

இந்த இடத்தை எத்தனை தடவை படித்தாலும் எனக்கு ஆச்சரியம் தீராது. உலகம் முழுக்கக் கதைகளில் திரை தூக்கினால் ஒன்று தெரியவரும்: காதலி, கொலைகாரி, பேய், கடவுள். காளிதாசன் சபையில் எல்லார் முன்னாலும் திரையைத் தூக்கி முகத்தைக் காட்டி, பார்க்கிறவன் கண்ணில் ஒன்றுமே நடக்காமல் செய்துவிட்டான். துர்வாசர் சாபம் என்று காரணம் இருக்கிறது, இருக்கட்டும். துஷ்யந்தன் அப்போது மனசுக்குள் சொல்லிக்கொள்கிற உவமை இன்னும் குரூரம்: விடியற்காலையில் உள்ளே பனி நிறைந்த முல்லையைச் சுற்றுகிற வண்டு மாதிரி, அனுபவிக்கவும் முடியவில்லை, விட்டுப் போகவும் முடியவில்லை என்கிறான். எதிரில் நிற்கிற வயிற்றுப்பிள்ளைக்காரிக்கு அது கேட்பதுகூட இல்லை.

மணிமேகலையிலும் இதற்குப் பக்கத்தில் வருகிற காட்சி ஒன்று உண்டு. உதயகுமரன் துரத்த, மணிமேகலை உவவனத்துப் பளிக்கறைக்குள் போய்விடுகிறாள். பளிங்குச் சுவர். அவள் உள்ளே நிற்பது அவனுக்கு நன்றாகத் தெரிகிறது, வாசல் தெரியவில்லை. ராஜகுமாரன் சுவரைக் கையால் தடவிக்கொண்டு சுற்றுகிறான். மறைக்கவே மறைக்காத திரை. சாத்தனார் அவனை அப்படித் தடவ விட்டு வேடிக்கை பார்க்கிறார்.

இதையெல்லாம் படிப்பதற்கு வெகு முன்னாலேயே எனக்குத் திரை பழக்கம். லயத்தில், தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளில், பிறந்தவர்கள் எல்லாருக்கும் பழக்கம். ஒரு காம்பரா, ஒற்றை அறை, பத்தடிக்குப் பன்னிரண்டடி. முன்னால் இஸ்தோப்பு என்கிற திண்ணை. காம்பராவின் குறுக்கே சுவருக்குச் சுவர் கயிறு கட்டி அம்மாவின் பழைய வொயில் சாரியைத் தொங்கவிட்டிருப்போம். சித்தப்பாவுக்குக் கல்யாணமானதும் சாரிக்கு அந்தப் பக்கம் அவர்களுக்கு, பாட்டியும் நாங்களும் அடுப்புப் பக்கம், தாத்தா இஸ்தோப்பில். அந்தச் சாரியில் இரண்டு இடத்தில் அடுப்புப் பொறி பட்ட ஓட்டை. பாட்டி வேறு நிற நூலால் தைத்திருந்தார்; மஞ்சள் பூவுக்குப் பக்கத்தில் ஊதா முடிச்சு. அந்தப் பக்கம் குப்பிலாம்பு எரிந்தால் சித்தி தலை வாருவது சாரியில் பெரிசாக விழும். பார்க்கலாம். ஆனால் பார்த்ததாக இருக்கக்கூடாது. அங்கே நடக்கிற சண்டை, அழுகை, சிரிப்பு எல்லாம் காதில் விழும்; மறுநாள் காலையில் ஒருவருக்கும் ஒன்றும் தெரியாது. உள்ளே போக வேண்டுமென்றால் இருமிவிட்டுத்தான் போக வேண்டும். எட்டு வயதுப் பையனும் இருமுவான்.

கைக்கு எட்டுகிற இடத்தில், விரலால் தள்ளினால் போதும் என்கிற திரை அது. அதைத் தள்ளாமல் இருப்பது எவ்வளவு பெரிய மரியாதை என்பது சுவர் வைத்த வீட்டில் வளர்ந்தவர்களுக்குத் தெரிய வாய்ப்பில்லை. சாரியின் பூக்களை ஓவியமாகப் பார்க்கப் பழகியதும் அங்கேதான். வேறு எங்கே கண்ணை வைப்பது?

கதிர்காமத்துக்குப் போகிறவர்களுக்கும் இது தெரியும். கருவறைக்கு முன்னால் திரை. அதில் மயில்மேல் முருகன், இரண்டு பக்கமும் வள்ளியும் தெய்வயானையும். பூசை அந்தத் திரைக்குத்தான். உள்ளே இருப்பதைக் கப்புறாளைமார் தவிர யாரும் பார்ப்பதில்லை; அவர்களும் வாயைத் துணியால் கட்டிக்கொண்டுதான் பூசை செய்கிறார்கள். திருவிழாவில் யானைமேல் வருவதும் மூடிய பேழைதான். மலையகத்திலிருந்து பஸ் பிடித்து, இரவெல்லாம் தூங்காமல் போய், திரையைக் கும்பிட்டுவிட்டு நிறைவாகத் திரும்பி வருகிறோம். சாமி பார்த்தாச்சா என்றால், பார்த்தாச்சு என்கிறோம். அதில் பொய் ஒன்றுமில்லை. வடலூரில் வள்ளலார் 1872 இல் வைத்த ஞானசபையில் கதை வேறு: ஏழு நிறத்தில் ஏழு திரை, மாதப் பூசத்தில் ஆறு விலகும், தைப்பூசத்தில் ஏழும் விலகிச் சோதி தெரியும். விலக்கிக் காட்டுகிற சாமியும் நமக்கு உண்டு, காட்டாத சாமியும் உண்டு. என் சார்பு எதற்கு என்று சொல்லத் தேவையில்லை.

எங்கள் ஊர்ப்பக்கம் தண்ணீரே திரையான இடம் ஒன்றும் இருக்கிறது. 1969 இல் மவுசாகலை நீர்த்தேக்கம் வந்தபோது பழைய மஸ்கெலியா நகரம் அடியில் போயிற்று. கடும் வறட்சியில் தண்ணீர் இறங்கினால் பழைய கோயிலின் கல்லும் சுவரும் வெளியே வரும். உடனே வேனில் கூட்டம் கூட்டமாக வருவார்கள், போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சேற்றில் நடப்பார்கள். அங்கே நிஜமாகவே வாழ்ந்த பெரியவர்கள் அதிகம் வருவதில்லை என்பதைக் கவனித்திருக்கிறேன்.

பனிமூட்டத்தைப் பற்றி எழுதாமல் மலைநாட்டுக்காரன் திரையைப் பற்றி எழுத முடியுமா என்று கேட்பீர்கள். எழுதினால் நாட்காட்டிக் கவிதை ஆகிவிடும், வேண்டாம். ஒன்று மட்டும். கல்யாணத்துக்கு முன்னால் எடுக்கிற ப்ரீ ஷூட்டுக்குக் கொழும்பிலிருந்து நுவரெலியா வருகிற ஜோடிகள் சிலர் புகைக்குண்டு கொண்டுவருகிறார்கள். பத்து நிமிஷம் பொறுத்தால் மலையிலிருந்து இலவசமாக இறங்கும். பொறுக்க மாட்டார்கள்.

அந்தப் பனியில் வந்து இறந்துபோன ஒரு படக்காரி உண்டு. ஜூலியா மார்கரெட் கேமரன். 1863 இல், நாற்பத்தெட்டு வயதில், மகள் பரிசாகக் கொடுத்த கேமராவில் இங்கிலாந்தில் தொடங்கியவர். கவிஞர் டென்னிசன், விஞ்ஞானிகள் டார்வின், ஹெர்ஷல் எல்லாரும் அவர் கேமரா முன்னால் அசையாமல் உட்கார்ந்திருக்கிறார்கள். வீட்டு வேலைக்காரப் பெண் மேரி ஹில்லியர் தலையில் துணி போர்த்தி மாதாவாக்கினார். ஃபோகஸ் சரியில்லை என்று அன்றைய புகைப்படச் சங்கத்துக்காரர்கள் கேலி செய்தார்கள். அவர் எழுதி வைத்த பதில் எனக்கு வேதவாக்கு: லென்ஸைத் திருகிக்கொண்டே வரும்போது என் கண்ணுக்கு அழகாக ஒன்று தெரிந்தால் அங்கேயே நிறுத்திவிடுவேன், மற்றவர்கள் கேட்கிற கூர்மை வரை போகமாட்டேன் என்கிறார். துணியே இல்லாமல் முகத்துக்குத் திரை போட்டவர் அவர்.

கணவருக்கு இங்கே கோப்பித் தோட்டங்கள். 1875 இல் இரண்டு பேரும் இலங்கைக்குக் கப்பல் ஏறினார்கள். இருக்கட்டும் என்று சவப்பெட்டிகளையும் கூடவே எடுத்து வந்தார்கள் என்று சொல்வார்கள். கோப்பி அப்போது இலைநோயில் செத்துக்கொண்டிருந்தது. 1879 ஜனவரியில் அவர் டிக்கோயாப் பக்கம் இறந்தார். கல்லறை பொகவந்தலாவை புனித மரியாள் ஆலய முற்றத்தில். அடுத்த வருஷம் கணவரும் பக்கத்திலேயே.

இலங்கையில் அவர் எடுத்த படங்களில் மிஞ்சியவை முப்பதுக்கும் குறைவு. களுத்துறையில் மரியான் நோர்த் என்ற ஓவியர் வந்து தங்கியபோது அவர் முடியை அவிழ்த்துவிட்டு, காஷ்மீர்த் துணி போர்த்தி எடுத்த படம் இருக்கிறது, பெயரோடு இருக்கிறது. மற்றப் படங்களில் நம் ஆட்கள். தோட்டத்து ஆட்கள், களுத்துறைக் குடியானவர்கள், ஒரு இளம்பெண், நேராகக் கேமராவைப் பார்த்துக்கொண்டு. முகத்தில் துணியில்லை, படமும் தெளிவு. அடியில் பெயர் இல்லை. இங்கிலாந்து மாதாவுக்கு மேரி என்று நமக்குப் பெயர் தெரிகிறது. வேலைக்காரப் பெண்ணாக இருந்தும் தெரிகிறது. இந்தப் பெண்ணின் பெயரைக் கேட்கவே இல்லையா, கேட்டு எழுதாமல் விட்டாரா? அந்தப் படத்தைப் பார்க்கும்போது எனக்குத் துஷ்யந்தன் சபைதான் ஞாபகம் வரும். அதற்குப் பிறகு நூற்று நாற்பது வருஷமாகத் தேயிலைப் பெட்டிகளில் அவளுடைய பேத்திகள் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள், தலையில் துண்டோடு, ஒரு முகத்துக்கும் பெயரில்லாமல்.

ஒரு ஹோட்டலுக்காக அப்படிப் படம் எடுக்கிற வேலை எனக்கும் வந்தது. கொழுந்து எடுக்கிற பெண்கள், சிரித்த முகம், பின்னால் மலை. கணக்கப்பிள்ளையிடம் சொல்லிவிட்டு மலைக்குப் போனேன். தூறல் விழுந்துகொண்டிருந்தது. நிரையின் ஓரத்தில் நின்ற அக்கா ஒருவர், ஐம்பது வயதிருக்கும், இடுப்பில் படங்கு, தலைத்துண்டுக்கு மேல் கூடைக் கயிறு. கேமராவைத் தூக்கியதும் கொழுந்து எடுப்பதை நிறுத்தாமலேயே ஒற்றைக் கையால் துண்டை மூக்கு வரைக்கும் இழுத்துவிட்டார்.

"அக்கா, கொஞ்சம் மொகத்தக் காட்டுங்க."

"எதுக்கு?"

"ஹோட்டல் புஸ்தகத்துல போடுறதுக்கு."

"போட்டா என்னா குடுப்பான்?"

கொடுப்பதாக யாரும் சொல்லவில்லை. அதைச் சொன்னேன். நிரையில் இருந்தவர்கள் சிரித்தார்கள்.

"பேராவது போடுவானா?"

அதுவும் தெரியாது என்றேன்.

"அப்ப கொழுந்து நிறுக்குற எடத்துக்கு வாங்க தம்பி. அங்க எம்பேர எழுதித்தான் கிலோ போடுறான். அங்க வந்து மொகத்தப் பாத்துக்கங்க" என்று சொல்லிவிட்டு அடுத்த செடிக்கு நகர்ந்தார். துண்டு மூக்கில்தான் இருந்தது.

நான் அப்படியே எடுத்தேன். தூறலில் ஈரமான துண்டு நெற்றியில் ஒட்டி, கயிறு அழுத்திய இடத்தில் மடிந்து, மூக்கின் மேல் லேசாக உள்வாங்கி இருக்கிறது. கேமரா தடுமாறாமல் துண்டைப் பிடித்துக்கொண்டது. நான் எடுத்ததில் எனக்குப் பிடித்த நாலைந்து படங்களில் அது ஒன்று. ஹோட்டல்காரர் திருப்பி அனுப்பிவிட்டார். வேறு தோட்டத்தில், சிரிக்கச் சம்மதித்த இரண்டு பிள்ளைகளை வைத்து எடுத்துக் கொடுத்தேன். பெயர் போடச் சொல்லி ஃபைலோடு எழுதி அனுப்பினேன். புத்தகம் அச்சாகி வந்தபோது பெயர் இல்லை. காசு மட்டும் சொன்னபடி வந்தது, அதில் பாதியை அந்தப் பிள்ளைகளுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். பெரியவள், இன்னும் கொஞ்சம் சேர்த்துக் கொடுங்க என்று கேட்டு வாங்கிக்கொண்டாள்.